அணங்குதாங்கி: கட்டுவது, நடுவது, பழுது பார்ப்பது (பன்னிருகுன்றம் கதை உலகம், அளவுகள் முடிவு செய்யும் இழை)

கல்லுளி எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். பன்னிருகுன்றம் கதைகள்ல அணங்குதாங்கி, அதாவது அணங்குங்கிற சக்தியை வேலைக்குத் திருப்புற பொறி, ஆளுக்கொரு மாதிரி வருது. ஒண்ணுல இடுப்புல சொருகிக்கிற அளவு, இன்னொண்ணுல தேர் அளவு. ஒரு கதையில ஏரியையே தூக்குது, அடுத்ததுல அடுப்பு பத்த வைக்கவே திணறுது. எது நடக்கும், எது நடக்காதுன்னு படிக்கிறவங்களுக்கு முன்னாடியே தெரிஞ்சிருக்கணும். அப்பத்தான் பொறி கெடுற இடத்துல அவங்களுக்குப் பயம் வரும். உதிரிபாகம், அளவு, பழுது மூணையும் இங்கேயே முடிவு பண்ணிடலாம்.

ஏற்கெனவே ஒத்துக்கிட்டது: அணங்குப் புலம் எல்லா இடத்துலயும் இருக்குது. கல்லுல தங்கும், தண்ணியில ஓடும், காத்துல சிதறும். அணங்குதாங்கி புதுசா எதையும் உண்டாக்காது. கல்லுல தங்குனதை வாங்கி, திசை திருப்பி, வேலைக்கு விடும்.

அளவு: ஒரு படி தண்ணியை ஒரு முழம் தூக்க ஆகுறது 1 உரு. படி 1.6 லிட்டர், முழம் 45 செ.மீ.

கோட்டையில நிக்கிற பெரிய தாங்கிக்கு நான் வெச்சிருக்கிற உறுப்புகள்:

கல்: கருப்புக் கருங்கல், 5 அடி உயரம், 9 அங்குலம் அகலம், 6 அங்குலம் கனம். எடை 160 கிலோ சொச்சம், நாலு பேர் தூக்கலாம். ஒன்றரை அடி மண்ணுக்குள்ள போகும். கொள்ளளவு 6 லட்சம் உரு.

நெஞ்சு: தேனிரும்புத் தண்டு, ஒன்றரை அங்குலம் விட்டம், 18 அங்குலம் நீளம். எடை 4 கிலோவுக்கு மேல. ஒரு நாழிகைக்கு (24 நிமிஷம்) 60,000 உரு வரைக்கும் தாங்கும்.

சுத்து: 3 மி.மீ. செம்புக் கம்பி, பருத்தி நூல் சுத்தி அரக்கு பூசினது, 108 சுத்து. இழுப்பு முனைகளையும் சேர்த்து 17 மீட்டர் கம்பி, கிட்டத்தட்ட ஒரு கிலோ செம்பு.

வாய்: இடுதுளை போட்ட பலகைக்கல். துளை நோக்குற பக்கம்தான் வேலை நடக்கும்.

கழற்றுக்கட்டை: வேப்பங்கட்டைக் கைப்பிடி. இதை உருவினா நெஞ்சுக்கும் கல்லுக்கும் தொடர்பு அறும்.

குழி: 8 அடி ஆழம், 3 அடி விட்டம். அடியில ஒரு சதுர அடி செம்புத் தகடு. மேல கரியும் உப்பும் மாத்தி மாத்தி அடுக்கு.

குழி எதுக்குங்கிறதுல மட்டும் ரெண்டு கட்சி இருக்குது. மிச்சம் மண்ணுக்குள்ள இறங்குற வழின்னு சிலர் எழுதியிருக்காங்க, மண்ணுல இருந்து கல்லுக்கு ஏறுற வழின்னு சிலர். அதை முதல்ல பேசலாம்.


ஊத்தங்கரையான் எழுதியது:

அண்ணா, 108 சுத்துன்னா அது மந்திரக் கணக்கா? அப்புறம் நெஞ்சைப் படுக்க வைக்கணுமா, நிறுத்தி வைக்கணுமா? ரெண்டு கதையில ரெண்டு விதமா இருக்குது.


துருத்தி எழுதியது:

108 வர்றது இடக் கணக்குல. 3 மி.மீ. கம்பி மேல நூலும் அரக்கும் ஏறினா 4 மி.மீ. ஆகும். 18 அங்குலத் தண்டுல நெருக்கி ஒரே அடுக்கா சுத்தினா 114 வரைக்கும் போகும். ரெண்டு முனையிலயும் கட்டுப்போட அரை அங்குலம் விட்டா 108ல நிக்கும். கதையில பூசாரி அதுக்கு வேற காரணம் சொல்லட்டும், பட்டறைக்காரனுக்கு இதுதான் காரணம்.

நெஞ்சு படுக்கைவாட்டுல, வடக்கு தெற்கா இருக்கணும். பூமியோட காந்த நடுக்கோடு தமிழ்நாட்டுத் தென்கோடியை ஒட்டிப் போகுது. அதனால தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கம் காந்தப் புலம் கிட்டத்தட்ட படுத்தே கிடக்குது. நம்ம உலகத்து நிலம் இந்த மலைகளைப் பார்த்து வரைஞ்சது, அணங்குப் புலமும் அதே வாட்டத்துல ஓடுதுன்னு வெச்சா கணக்கு சுத்தமா நிக்கும். நிறுத்தி வெச்ச நெஞ்சு வேலை செய்யும், ஆனா வாங்குறது கால்வாசிக்கும் கீழ.

திசை பார்க்க ஊசியை நம்ப வேண்டாம். கருப்புக் கல் ஓட்டம் பக்கத்துல இருந்தா ஊசி தப்பு காட்டும், அந்தக் கல்லுல காந்தத் தாது கலந்திருக்குது. ஒரு குச்சியை நட்டு, அதைச் சுத்தி வட்டம் போடணும். காலையில நிழல் நுனி வட்டத்தைத் தொடுற இடம், மத்தியானத்துக்கு மேல மறுபடி தொடுற இடம், ரெண்டையும் சேர்த்தா கிழக்கு மேற்கு. அதுக்குச் செங்குத்தா போட்ட கோட்டுல நெஞ்சை வைக்கணும்.

நெஞ்சு விஷயத்துல எல்லாக் கதையும் 'எஃகு'ன்னு எழுதுது. அதை மாத்தணும். எஃகு வாங்கினதைப் பிடிச்சு வெச்சுக்கும். நேத்து செஞ்ச வேலையோட சாயல் இன்னிக்கு வேலையில கலந்துடும்: நேத்து கல் தூக்கின தாங்கி இன்னிக்கு மதகுப் பலகையை இறக்கச் சொன்னா மேலேயே இழுக்கும். தேனிரும்பு உடனே விட்டுடும்.

தண்டு தேனிரும்பா எஃகான்னு பட்டறையிலேயே பார்க்கலாம். முனையைச் செவக்கக் காய்ச்சி, தண்ணியில முக்கி, அரம் போடணும். அரம் வழுக்கினா எஃகு, தள்ளிடணும். அரம் கடிச்சா எடுத்துக்கலாம். அப்புறம் தண்டு முழுசையும் ஆரஞ்சு நிறம் வர்ற அளவுக்குக் காய்ச்சி, சாம்பல்ல புதைச்சு ராத்திரி முழுக்க ஆறவிடணும். ஆறும்போது தண்டு கிழக்கு மேற்கா கிடக்கணும். இரும்பு 770 டிகிரிக்கு மேல காந்தத்தை முழுசா மறந்துடும், அதுக்குக் கீழ இறங்கும்போது சுத்தி இருக்கிற புலத்தை வாங்கிக்கும். வடக்கு தெற்கா போட்டு ஆறவிட்டா பிறக்கும்போதே சாயலோட பிறக்கும். அந்த வாட்டத்துல வெச்சு சுத்தியலால தட்டினாலும் அதே கதிதான்.

அந்தக் காலத்துல இவ்வளவு இரும்பு வேலை ஏதுன்னு யாரும் தயங்க வேண்டாம். கிருஷ்ணகிரி மாவட்டம் மயிலாடும்பாறையில கிடைச்ச இரும்போட காலம் கி.மு. 2172ன்னு 2022ல அறிவிச்சாங்க. நம்ம கொல்லர்களுக்கு 4,000 வருஷப் பழக்கம் இருக்குதுன்னே எழுதலாம்.


நெல்லிமரம் எழுதியது:

குழியைப் பற்றிச் சொல்கிறேன். கல்லிலிருந்து 60,000 உரு வாங்கி, அத்தனையையும் வேலைக்குச் செலவழித்தால் இறங்குவதற்கு மிச்சம் ஏது? கல்லில் 60,000 குறைந்திருக்கிறது. அந்தக் குறையை நிரப்புவது எது என்பதுதான் உண்மையான கேள்வி. ஆகவே குழி, ஏறும் வழிதான். அதை ஊட்டுக்குழி என்று அழைத்தால் குழப்பம் தீரும்.

இதை ஏற்றுக்கொண்டால் கதைக்குப் பெரிய வரவு இருக்கிறது. 1 உரு என்பது நம் பாடப்புத்தகக் கணக்கில் ஏறத்தாழ 7 ஜூல் (1.6 கிலோ, 9.8, 0.45 மூன்றையும் பெருக்கிப் பாருங்கள்). மண்ணிலிருந்து ஏறுவது எதுவாக இருக்க முடியும்? மண்ணிலும் நீரிலும் உள்ள சூடுதான். ஊட்டுக்குழி ஈரத்தின் வழியாகச் சூட்டை உறிஞ்சிக் கல்லுக்கு ஊட்டுகிறது என்று விதி செய்வோம். காலியான கல் முழுதாக நிரம்ப 6 லட்சம் உரு, அதாவது 42 லட்சம் ஜூல். 1,000 லிட்டர் தண்ணீர் 1 டிகிரி குளிர்ந்தால் கிடைப்பது ஏறக்குறைய இதே அளவு.

20 அடி விட்டமுள்ள கிணற்றில் 10 அடி தண்ணீர் நின்றால் அது 89,000 லிட்டர். அதை ஒட்டிக் குழி வெட்டினால் ஒரு முழு நிரப்பலுக்குக் கிணறு நூறில் ஒரு பங்கு டிகிரி குளிரும், யாருக்கும் தெரியாது. மலைமேல் 1,250 லிட்டர் சுனையை நம்பினால் ஒவ்வொரு நிரப்பலுக்கும் 0.8 டிகிரி. அடுத்தடுத்துப் பத்து முறை நிரப்பினால் சுனை மீன்கள் செத்து மிதக்கும்.

குழி முழுக்கக் காய்ந்துவிட்டால்? அப்போது அருகில் எந்த ஈரம் இருக்கிறதோ அதிலிருந்து உறிஞ்சும். மரத்தின் வேர், மாடு, மனிதன்.


மாந்தோப்பு எழுதியது:

இது ரொம்ப நல்லா இருக்குங்க அக்கா. ஆனா அப்படின்னா காஞ்ச குழி பக்கத்துல நின்ன உடனே ஆள் செத்துடுவாங்களே? காவல்காரன் யாரையும் அங்க நிறுத்தவே முடியாது.


நெல்லிமரம் எழுதியது:

உடனே சாக மாட்டார்கள், அதற்கும் கணக்கு இருக்கிறது. சும்மா உட்கார்ந்திருக்கும் ஒருவரின் உடம்பு நொடிக்குச் சுமார் 100 ஜூல் சூடு உண்டாக்குகிறது. கல் மெதுவாக நிரம்பும்போது ஈரக் குழியின் வேகத்தை நாழிகைக்கு 5,000 உரு என்று வைப்போம். நொடிக்கு 24 ஜூல். இந்த வேகத்தை உடம்பு ஈடுகட்டிவிடும், பசி மட்டும் கூடும்.

ஆபத்து எப்போது என்றால், கல்லும் காலி, குழியும் வறட்சி, அந்த நிலையில் தாங்கியை முழு வேகத்தில் ஓட்டும்போது. நாழிகைக்கு 60,000 உரு என்றால் நொடிக்கு 290 ஜூல். இதை அருகிலிருக்கும் ஆளிடமிருந்து நேரடியாக எடுத்தால் உடம்பு நடுங்கத் தொடங்கும். நடுக்கம் தானே சூடு உண்டாக்கும் என்பதால் கொஞ்ச நேரம் தாக்குப்பிடிப்பார். 70 கிலோ ஆளின் உடல் வெப்பம் 2 டிகிரி இறங்க 70,000 உரு போதும், 35 டிகிரிக்குக் கீழே போனால் நினைவு தடுமாறும். இரண்டு மூன்று நாழிகையில் அந்த நிலை வரும். 400 கிலோ மாடு அதைவிடப் பல மடங்கு நேரம் தாங்கும். கோட்டைக்காரர்கள் குழியருகே மாடு கட்டும் வழக்கத்தை இதிலிருந்து எழுதலாம். அந்த மாடு யாருடையது என்பதிலிருந்து ஒரு கதையே கிளம்பும்.

காவல்காரர்களுக்கு ஒரே விதி: சித்திரை வெயிலில் உடம்பு நடுங்கினால் கட்டையைக் கழற்று.


கல்லுளி எழுதியது:

அருமைங்க. ஊட்டுக்குழின்னே வெச்சுக்கலாம், ஏறும் வழிதான். இதுல தாங்கியை ஓட்டுறவன் ஒருத்தன், குளிர்றவன் வேற ஒருத்தன். அதுதான் கதை.

நிரம்புற வேகம் ஈரக் குழிக்கு நாழிகைக்கு 5,000ன்னா காலிக் கல் நிரம்ப 120 நாழிகை, ரெண்டு நாள். காஞ்ச குழிக்கு 500ன்னு வெச்சா 20 நாள்.


மதகடி எழுதியது:

குழி வெட்டுறதைப் பத்தி எழுதுறேன், இதுல நிறையக் கதைகள் தப்பா வருது.

அடித்தகட்டை நேரா மண்ணுல போடக் கூடாது. முதல்ல அரை அடி தூள் கரி, அதுமேல தகடு, அதுமேல மறுபடி கரி அரை அடி. அப்புறம் கல்லுப்பு 3 அங்குலம், கரி 6 அங்குலம்னு மாத்தி மாத்தி, மேல 2 அடி விட்டு நிறுத்தணும். அந்த 2 அடிக்குக் களிமண். நடுவுல ஒரு மூங்கில் குழாய், கணு உடைச்சு, பக்கத்துல துளை போட்டது. இதுல தண்ணி ஊத்தணும். தகட்டுல இருந்து கல்லுக்குப் போற செம்புப் பட்டையை வெளிய தெரியுற மாதிரி விடணும், புதைச்சுட்டா பழுது எங்கேன்னு தேட முடியாது.

உப்பு ஈரத்தைப் பிடிச்சு வைக்கும், அதே உப்பு செம்பை அரிக்கும். பட்டையும் தகடும் சேர்ற இடம்தான் முதல்ல பச்சை பூத்து விடும். அந்த இணைப்பைத் தறையாணி அடிச்சு இறுக்குறதோட நிறுத்தாம வெள்ளீயம் ஊத்திப் பத்த வைக்கணும். மூணு மழைக்காலம் போனா தோண்டிப் பார்த்தே ஆகணும்.

ஊத்துற தண்ணிக்கும் கணக்கு வேணும். கார்த்திகையில ஒண்ணும் வேண்டாம். மாசியில வாரம் ரெண்டு குடம். சித்திரை வைகாசியில தினம் ரெண்டு குடம், சாயங்காலம். ஊருக்கே குடிக்கத் தண்ணி இல்லாத நேரத்துல தினம் ரெண்டு குடம் குழியில கொட்டணும்னா, அதை யார் ஒத்துக்குவாங்க? கோட்டைக்கும் ஊருக்கும் சண்டை அங்கதான் ஆரம்பிக்கணும். வில்லன் ஒருத்தனைப் புதுசா கொண்டு வரவே தேவையில்லை.

இன்னொண்ணு, பாறை. இந்தப் பக்கம் பல இடத்துல 3 அடிக்குள்ள பாறை தட்டிடும். அங்க 8 அடி குழி வெட்ட முடியாது. அப்ப ஒரு குழிக்குப் பதிலா 3 அடியில நாலு குழி, ஒவ்வொண்ணுக்கும் இடையில 6 அடியாவது விட்டு, பட்டையால சேர்த்துடணும். நெருக்கி வெட்டினா நாலும் ஒரே ஈரத்தைத்தான் உறிஞ்சும்.


ஊத்தங்கரையான் எழுதியது:

கல்லைப் பத்தி: ஏன் கருப்புக் கல்தான்? நம்ம பக்கம் சாம்பல் நிறக் கல்லும் செவப்புக் கல்லும் நிறைய இருக்குதே.


கல்லுளி எழுதியது:

சாம்பல், செவப்பு ரெண்டுலயும் வெள்ளைப் படிகக்கல் நிறையக் கலந்திருக்கும். அந்தப் படிகம் 573 டிகிரியில திடீர்னு உப்பும், கல் பிளந்துடும். அந்தக் காலத்துல பாறை மேல நெருப்பு மூட்டிப் பலகை பெயர்த்ததுக்குச் சூட்டுல கல் உப்புற குணம்தான் துணை. நெஞ்சு பக்கத்துல சூடு ஏறுற இடத்துல அந்தக் கல் இருக்கக் கூடாது. கருப்புக் கல்லுல படிகம் ரொம்பக் குறைவு, காந்தத் தாது கொஞ்சம் உண்டு. பழைய சாம்பல் பாறையைப் பிளந்துக்கிட்டு நீளச் சுவர் மாதிரி ஓடுற கருப்புக் கல் தர்மபுரி, கிருஷ்ணகிரி ரெண்டு மாவட்டத்துலயும் இருக்குது, வரைபடத்துல அந்த ஓட்டத்தை ஒட்டியே தாங்கிகளை வைக்கலாம். வாய்க்கல்லுக்கு மட்டும் சாம்பல் பலகை போதும், அது நெஞ்சைத் தொடாது. கிருஷ்ணகிரி மாவட்டம் மல்லச்சந்திரத்துல இருக்கிற கற்திட்டைகள்ல (பலகைக்கல்லால கட்டின பழைய ஈமச்சின்னம்) நிக்கிற பலகைகளைப் பார்த்தவங்களுக்கு அந்த வடிவம் தெரியும்.

ஒகேனக்கல் பக்கமும் சாமல்பட்டி பக்கமும் இருக்கிற சுண்ணத்தன்மை உள்ள தீப்பாறை வேற ரகம். அதை அணங்கு புகாத கல்லுன்னு வெச்சுக்கலாம்னு நினைக்கிறேன். தாங்கியை மறைக்கிற அறைக்கு அந்தக் கல். புளி கரைச்சு ஊத்தினா மெல்ல அரிக்கும், அதனால மறைப்பு அறையை உடைக்க எதிரிக்கு ஒரு வழியும் கிடைக்குது. ஒரு அண்டா புளித்தண்ணிக்குச் சுவர் விழாது, பல மாசம் ஊத்தணும்.


மாந்தோப்பு எழுதியது:

புதுசா கல் வெட்டுறதுக்குப் பதிலா நடுகல்லையே தாங்கியாக்கினா என்னங்க? ஊரூருக்கு இருக்குது, நூத்துக்கணக்கான வருஷமா படையல் வாங்கினது, அணங்கு நிறைஞ்சு கிடக்கும். கதாநாயகன் மலைக்கு ஓடும்போது வழியில இருக்கிற நடுகல்லுல எல்லாம் வாங்கிக்கிட்டே போற மாதிரி ஒரு காட்சி மனசுல இருக்குது.


நெல்லிமரம் எழுதியது:

வேண்டாம் தம்பி. இதில் நான் விட்டுக்கொடுக்கப் போவதில்லை.

நடுகல் என்பது தொறு (மாட்டு மந்தை) மீட்கப் போய்ப் பட்ட ஒருவனின் பெயரும் உருவமும். தர்மபுரி மாவட்டத்தில் இன்றைக்கும் பல ஊர்களில் அந்தக் கல்லுக்குப் பொங்கல் வைத்துப் படைக்கிறார்கள். கல்லுக்குள் சக்தி இருக்கிறது, எடுத்துக்கொள் என்று எழுதினால் புதையல் தேடிக் கல்லைப் புரட்டுகிறவன் நினைப்பும் நம் நாயகன் நினைப்பும் ஒன்றாகிவிடும். நம் மண்ணை வைத்து எழுதுகிற உலகத்தில் அது கூடாது.

அதற்குப் பதில் ஓர் உறுதியான விதி: பெயர் பொறித்த கல் விடாது. அதில் அணங்கு நிறைய உண்டு, ஆனால் அது ஒருவனுடையது, நெஞ்சு எவ்வளவு நல்லதாயினும் வாங்காது. வலிந்து கட்டினால் ஊட்டும் திசை தலைகீழாகி, கட்டியவனிடமிருந்து கல்லுக்கு ஏறும்.

நடுகல்லிடமிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது நடும் முறையை. காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்து என்று தொல்காப்பியம் ஆறு படிகளைச் சொல்கிறது. தாங்கி நடுவதற்கு அந்த ஆறையும் அப்படியே வைக்கலாம்.


மாந்தோப்பு எழுதியது:

சரிங்க அக்கா, அந்தக் காட்சியை எடுத்துடுறேன். வலிந்து கட்டினா தலைகீழா ஏறும்ங்கிறதை மட்டும் எதிரிப்படைத் தலைவனுக்கு வெச்சுக்கிறேன்.


கல்லுளி எழுதியது:

ஆறு படிக்கும் வேலை பிரிச்சுப் பார்த்தேன், ஒண்ணும் வீணாகலைங்க.

காட்சியில கல் தேர்வு. சின்ன உளியால தட்டினா மணி மாதிரி நாதம் வரணும். மண்சட்டி மாதிரி சத்தம் வந்தா உள்ள விரிசல். அப்புறம் முழுசா நனைச்சுக் காயவிடணும், மேல காஞ்ச பிறகும் ஒரு கோடு மட்டும் ஈரமா கருத்து நின்னா அது விரிசல். மூணாவது, நூல்ல கட்டின காந்த ஊசியைக் கல் நெடுக நகர்த்தணும். ஊசி கொஞ்சமா, ஒரே பக்கமா சாயணும். கைக்கு ஒரு பக்கம் இழுத்துச் சுத்தினா அது இடி விழுந்த கல். குன்று உச்சியில இருக்கிற பாறைகள்ல இது சகஜம், இடி பாறையைத் தாறுமாறா காந்தமாக்கிடும். அந்தக் கல்லைக் கோட்டைத் தாங்கிக்கு வெக்கக் கூடாது, ஆனா எதிரி தாங்கியைக் குழப்ப அதே கல்லைத் துண்டு போட்டு எறியலாம்.

கால்கோள்ல இடம், நிழல் கோடு, முளை அடிப்பு. நீர்ப்படையில மூணு நாள் ஓடுற தண்ணியில கிடக்கணும், கல் துளைகள்ல இருக்கிற உப்பு வெளியேற. உப்போட நட்டா செம்பு சேருற இடத்துல பச்சை சீக்கிரம் பூக்கும். நடுதல்ல அடியில உடைகல், சுத்தி ஒரு பங்கு சுண்ணாம்புக்கு ரெண்டு பங்கு மணல், கடுக்காய்த் தண்ணியும் வெல்லத் தண்ணியும் விட்டு இடிச்சது. காரை இறுகாம நெஞ்சைக் கட்டினா கல் சாஞ்சு வாட்டம் போயிடும்.

பெரும்படையில நெஞ்சு, சுத்து எல்லாம் கட்டி, வேலை எதுவும் கொடுக்காம 120 நாழிகை விடணும், கல் நிரம்ப. வாழ்த்துல சோதனை: பத்து படித் தண்ணியை அஞ்சு முழம். 50 உருதான். இதுக்கே நெஞ்சு சுட்டா எங்கேயோ சுத்து ஒட்டிக்கிச்சு, கழற்றிப் பாக்கணும்.


துருத்தி எழுதியது:

சூடு பத்திச் சொல்லணும், கதைகள்ல நெஞ்சு உருகி ஓடுற காட்சி ரெண்டு மூணு வந்திருக்குது. இரும்பு உருக 1,538 டிகிரி வேணும், அதுக்கு முன்னாடியே மத்ததெல்லாம் போயிடும்.

60,000க்கு மேல வர்றது பூரா சூடா மாறும்னு வெச்சா, கூடுதலா 12,000 உரு வந்தாலே நெஞ்சு 75 டிகிரிக்குப் போகும். அங்க அரக்கு இளகும், வாசனை வரும். காவல்காரனுக்கு முதல் எச்சரிக்கை அந்த வாசனை. கூடுதல் 60,000 ஆனா 250 டிகிரி தாண்டும். அதுக்குள்ள நூல் கருகும், சுத்தும் சுத்தும் ஒட்டும், 108 சுத்து நாப்பது சுத்தாட்டம் வேலை செய்யும்.

நல்ல வேளையா வெள்ளீயம் 232 டிகிரியில உருகும். அதனால சுத்தோட ஒரு முனையை நெஞ்சுலயே ஒட்டி ஈயத்தால பத்த வெச்சு, ஒரு சின்ன வில்லால இழுத்துக் கட்டணும். சூடு ஏறினா ஈயம் இளகி முனை தானா பிடுங்கிக்கும், தாங்கி நிக்கும். இணைப்பைக் கல் பக்கத்துல குளிர்ந்த இடத்துல வெச்சா நூல் கருகின பிறகுதான் விடும். பாதித் தாங்கிகள் எரிஞ்சு போறதுக்கு இந்த அரை முழ வித்தியாசத்தைக் காரணமா எழுதலாம்.

கூடுதல் எங்கிருந்து வரும்னா ஒண்ணு இடி, இன்னொண்ணு பக்கத்துத் தாங்கி. ஒரு தாங்கியோட இழுப்பு தூரத்துக்குத் தூரம் மூணாம் மடங்குல குறையும்: தூரம் ரெண்டு மடங்கானா எட்டுல ஒண்ணு. 30 அடியில பத்து சதவீதம் கசியும்னு வெச்சா 60 அடியில 1.25 சதவீதம். கோட்டையில ரெண்டு தாங்கிக்கு நடுவுல 60 அடி இருந்தே ஆகணும்.


மாந்தோப்பு எழுதியது:

கையடக்கத் தாங்கி வேண்டவே வேண்டாமா? என் கதை அதை நம்பித்தான் இருக்குது.


நெல்லிமரம் எழுதியது:

வைக்கலாம், வேகத்தைக் குறைத்து. 2 கிலோ கல் என்றால் 7,500 உரு கொள்ளும். 75 கிலோ ஆளை 160 முழம் தூக்க அது போதும், எழுபது மீட்டருக்கு மேல். ஆனால் கையடக்கத்தில் நெஞ்சு 50 கிராமுக்கு மேல் வைக்க முடியாது, நாழிகைக்கு 730 உருதான் தாங்கும். ஆகவே அந்த ஏற்றத்துக்குப் பத்து நாழிகை, நான்கு மணி நேரம் ஆகும். பாறை இடுக்கில் ராத்திரியெல்லாம் மெல்ல ஏறுகிற காட்சி கிடைக்கிறது, பறக்கிற காட்சி கிடைக்காது.

சூடு காட்டுவது இன்னும் கடினம். அதே 7,500 உரு ஒரு டம்ளர் தண்ணீரை 60 டிகிரி ஏற்றினால் தீர்ந்துவிடும். ஒரு படி தண்ணீரைக் கொதிக்க வைக்க 70,000 உருவுக்கு மேல் வேண்டும், அந்த உருவில் அதே தண்ணீரை 30 கிலோமீட்டருக்கு மேல் உயர்த்தலாம். தூக்குவது மலிவு, காய்ச்சுவது விலை அதிகம். தீப்பந்து எறியும் காட்சிகள் எல்லாமே போக வேண்டியதுதான். ஏரி தூக்குவதும் அப்படியே: சின்னக் குட்டையே 10,000 கன மீட்டர் என்றால் ஒரு முழம் உயர்த்தப் பத்துத் தாங்கிகள் காலியாகும்.

கையடக்கத்துக்கு ஊட்டுக்குழி கிடையாது, வைத்திருப்பவர் உடம்புதான் குழி. முழு நிரப்பலுக்கு உடம்பு கால் டிகிரிகூட இறங்காது, ஆனால் பசிக்கும். நாயகன் மடியில் கேழ்வரகு களி உருண்டை இருக்கட்டும்.


ஊத்தங்கரையான் எழுதியது:

பழுது பாக்குற வரிசை ஒண்ணு போட்டுட்டா எழுத வசதியா இருக்கும். தாங்கி வேலை செய்யலை, கதாபாத்திரம் எதை முதல்ல பார்க்கணும்?


மதகடி எழுதியது:

முதல்ல கழற்றுக்கட்டையை உருவணும், உருவாம எதையும் தொடக் கூடாது. அப்புறம் மூக்கு: அரக்கு வாசனை இருந்தா சுத்துல கோளாறு, குழிப் பக்கம் போக வேண்டாம். வாசனை இல்லைன்னா மூங்கில் குழாயில ஒரு குச்சியை விட்டுப் பார்க்கணும், குச்சி நுனி ஈரமா வரலைன்னா குழி காஞ்சிருக்குது, ரெண்டு குடம் ஊத்தி அரை நாள் விடணும். ஈரம் இருந்தும் கல் நிரம்பலைன்னா பட்டை இணைப்புல பச்சை பூத்திருக்கும், சுரண்டி மறுபடி ஈயம். இணைப்பும் சரின்னா நூல்ல கட்டின ஊசியை நெஞ்சுகிட்ட கொண்டு போகணும். கட்டை உருவின பிறகும் ஊசி நெஞ்சைப் பார்த்து வலுவா திரும்பினா நெஞ்சு பழசைப் பிடிச்சு வெச்சிருக்குது, கழற்றிப் பட்டறைக்கு அனுப்பணும்.

எல்லாம் சரியா இருந்தும் வேலை நேரா நடக்காம சாஞ்சு நடக்குதுன்னா கல் சாஞ்சிருக்கும். தூக்குக்குண்டு போட்டுப் பார்த்தா தெரியும். மழைக்கு அப்புறம் ஒரு பக்க மண் இறங்கினா இது வரும்.


துருத்தி எழுதியது:

ஒண்ணு சேர்த்துக்கங்க. நெஞ்சைப் பட்டறைக்குக் கொண்டு போகும்போது சுத்தைப் பிரிச்சுட்டுத்தான் காய்ச்சணும். பிரிச்ச நூலும் அரக்கும் மறுபடி உதவாது. புதுசா நூல் சுத்த ஒரு ஆளுக்கு ஒரு நாள், அரக்கு மூணு பூச்சு, பூச்சுக்குப் பூச்சு ஒரு ராத்திரி காயணும். நெஞ்சு ஆறுறது ஒரு ராத்திரி. ஆக அஞ்சு நாளுக்குக் குறைஞ்சு தாங்கி திரும்பாது. முற்றுகை நடக்கும்போது இந்த அஞ்சு நாள் எழுதுறவங்களுக்கு ரொம்ப உதவும். மாற்று நெஞ்சு வெச்சிருக்கிற கோட்டை பணக்காரக் கோட்டை.


கல்லுளி எழுதியது:

எல்லாத்தையும் சேர்த்து அளவுத்தாள் எழுதி முதல் பதிவுல மாத்திடுறேன். ஒண்ணு மட்டும் திறந்து கிடக்குது: ஒரே கிணத்துல ரெண்டு ஊருத் தாங்கி ஊட்டு வாங்கினா, வேகம் சரிபாதியா பிரியுமா, கிட்ட இருக்கிற குழிக்கு முழுசா போகுமா? தண்ணி ஓடுற திசையில முதல்ல இருக்கிற குழிக்கு முன்னுரிமைன்னு வெச்சா மேல்மடை கீழ்மடைச் சண்டை அப்படியே உள்ள வந்துடும். அதுக்கு எத்தனை பேர் சம்மதம்னு சொல்லுங்க, அடுத்த இழையை அதுலயே ஆரம்பிக்கிறேன்.


மதகடி எழுதியது:

முதல் குழிக்கு முன்னுரிமை, எனக்குச் சம்மதம். ஆனா முதல் குழி 5,000க்கு மேல வாங்காது, மிச்சம் அடுத்ததுக்கு. கோடையில ஊத்து 3,000க்கு இறங்கும்போதுதான் கீழ இருக்கிறவனுக்கு ஒண்ணும் வராது.